டான் சிம்மன்ஸின் ஹைப்பீரியன் வரிசை: முற்றுப்பெறாத காவியமும் விண்வெளிப் புனைவும்

அறிவியல் புனைகதையின் கிளைகளுள் ஸ்பேஸ் ஆப்பரா எனப்படுவது, விண்மீன்களுக்கிடையே பரந்து கிடக்கும் பேரரசுகளையும் அவற்றின் போர்களையும் வீழ்ச்சிகளையும் பெரிய அளவில் விரித்துச் சொல்லும் கதைவகையாகும். 1941இல் அமெரிக்க எழுத்தாளர் வில்சன் டக்கர் இப்பெயரைச் சூட்டியபோது, ஒரே அச்சில் வார்த்தெடுத்த மலிவான விண்கலக் கதைகளை இகழ்வதே அவருடைய நோக்கமாக இருந்தது. ஆயினும் அடுத்து வந்த காலத்தில் இந்த வகை தன் இழிபெயரைத் தாண்டி வளர்ந்தது. ஐசக் அசிமோவின் ஃபவுண்டேஷன் கதைகள் ரோமப் பேரரசின் வீழ்ச்சி வரலாற்றை முன்மாதிரியாகக் கொண்டன; ஃபிராங்க் ஹெர்பர்ட் 1965இல் வெளியிட்ட டியூன், சமயத்தையும் அரசியலையும் சூழலியலையும் ஒரே கதைக்குள் கொண்டுவந்தது; இயன் எம். பேங்க்ஸ் 1987இல் எழுதிய கன்சிடர் ஃபிளீபஸ், தன் தலைப்பையே டி. எஸ். எலியட்டின் கவிதையிலிருந்து எடுத்துக்கொண்டது. இந்த வளர்ச்சியில் இலக்கிய மரபோடு மிக நெருக்கமான உறவு பூண்ட படைப்பு, அமெரிக்க எழுத்தாளர் டான் சிம்மன்ஸின் நான்கு நாவல்கள் அடங்கிய ஹைப்பீரியன் வரிசை எனலாம். ஹைப்பீரியன் (1989), ஹைப்பீரியனின் வீழ்ச்சி (1990), எண்டிமியன் (1996), எண்டிமியனின் எழுச்சி (1997) ஆகிய இந்நாவல்களில் முதலாவது, 1990ஆம் ஆண்டின் சிறந்த நாவலுக்கான ஹியூகோ விருதைப் பெற்றது.

நான்கு தலைப்புகளும் ஆங்கிலக் கவிஞர் ஜான் கீட்ஸின் (1795–1821) கவிதைத் தலைப்புகளிலிருந்து வந்தவை. கோள்கள், நகரங்கள், பாத்திரங்கள் பலவற்றின் பெயர்களுக்கும் அவரே ஊற்று. அதோடு, பழைய ஏற்பாட்டின் ஆபிரகாம் கதை, பிரெஞ்சு இயேசு சபைத் துறவி தெயார் த ஷார்தனின் பரிணாம இறையியல், ஜென் பௌத்தத்தின் புதிர்மொழிகள் எனப் பல சிந்தனை மரபுகளும் இக்கதைக்குள் வந்து சேர்கின்றன. இத்தனையும் ஒரு சாகசக் கதைக்குக் கௌரவம் தேடிப் பூட்டப்பட்ட அணிகலன்களா, கதையின் எலும்புக்கூடாகவே அமைந்தவையா என்பதே இவ்வரிசையைப் பற்றிய அடிப்படைக் கேள்வி. முதலிரு நூல்களில் கீட்ஸின் கவிதை எழுப்பிய வினா கதையின் கட்டமைப்பாகவே மாறியிருப்பதையும், பிந்தைய இரு நூல்களில் அந்த வினாவுக்கு விடை சொல்லும் அவசரம் கலையைத் தளர்த்தியிருப்பதையும் இக்கட்டுரை எடுத்துக்காட்ட முயல்கிறது.

கீட்ஸ் விட்டுச்சென்ற வினா

பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியிலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் ஐரோப்பாவில் எழுந்த ரொமாண்டிக் இயக்கம், பகுத்தறிவின் தனியாட்சிக்கு எதிராகக் கற்பனையையும் உணர்ச்சியையும் இயற்கையையும் முன்னிறுத்தியது. அறிவியல் புனைகதைக்கும் இந்த இயக்கத்துக்கும் உள்ள உறவு பழையது. மேரி ஷெல்லியின் ஃபிராங்கன்ஸ்டைன் 1818இல் வெளிவந்தது. அதுவே முதல் அறிவியல் புனைகதை என்று பிரயன் ஆல்டிஸ் 1973இல் தம் இலக்கிய வரலாற்று நூலில் வாதிட்டார். கீட்ஸின் நெடுங்கவிதையான எண்டிமியன் வெளியானதும் அதே 1818ஆம் ஆண்டில்தான்.

அந்த ஆண்டின் பிற்பகுதியில், காசநோயால் இறந்துகொண்டிருந்த தம்பி டாமைப் பராமரித்துக்கொண்டே கீட்ஸ் ஹைப்பீரியன் என்னும் காவியத்தைத் தொடங்கினார். கிரேக்கத் தொன்மத்தில் டைட்டன்கள் எனப்படும் மூத்த தெய்வங்கள், ஒலிம்பஸ் மலையின் இளைய தெய்வங்களிடம் ஆட்சியை இழந்த பின்னர் நிகழ்வதே அதன் கதை. வீழ்ந்த டைட்டன்கள் கூடிப் பேசும் அவையில், போருக்கு அழைப்பு விடுக்கும் குரலும் கேட்கிறது. கடலின் முன்னாள் அதிபதியான ஓஷியானஸ் எழுந்து, தங்களைவிட மேலான அழகு தோன்றிவிட்டபோது விலகி வழிவிடுவதே இயற்கையின் நியதி என்று அமைதிகூறும் குரலும் கேட்கிறது. மில்டனின் நடை தம் மொழியில் மிகுந்துவிட்டதாகக் கருதிய கீட்ஸ், மூன்றாம் காண்டத்தில், ஒரு வாக்கியத்தின் நடுவிலேயே அக்காவியத்தைக் கைவிட்டார். பின்னர் 1819இல் ஹைப்பீரியனின் வீழ்ச்சி என்ற பெயரில் அதைக் கனவுக் காட்சியாகத் திருப்பி எழுத முனைந்தார். அதில் கவிஞனே பாத்திரமாகிறான். மொனெட்டா என்னும் நினைவின் தேவதை காக்கும் பலிபீடத்தின் படிகளில் அவன் ஏறவேண்டும், இல்லையேல் சாகவேண்டும். உலகின் துயரத்தைத் தன் துயரமாக உணர்பவனுக்கே அப்படிகள் இடம்தரும். இதுவும் முற்றுப்பெறவில்லை, கவிஞர் இறந்து 30 ஆண்டுகளுக்கும் மேல் கடந்த பின்னரே அச்சேறியது.

ஆக, கீட்ஸ் விட்டுச்சென்றவை இரண்டு வினாக்கள். மேலான ஒன்று தோன்றும்போது பழையது அழிவது நியாயம்தானா என்பது முதலாவது. அந்த மாற்றத்தில் எழும் துன்பத்துக்குப் பொருள் உண்டா என்பது இரண்டாவது. 1819இல் அமெரிக்காவிலிருந்த சகோதரருக்கு எழுதிய நீண்ட கடிதத்தில், உலகம் கண்ணீரின் பள்ளத்தாக்கு என்ற வழக்கமான சமயக் கருத்தை மறுத்து, ஆன்மா உருவாகும் இடமே உலகம் என்றும், அதற்குத் துன்பமே பள்ளி என்றும் அவர் விளக்க முயன்றார். சிம்மன்ஸ் எடுத்துக்கொண்ட மூலதனம் இந்த இரு வினாக்களே.

ஆறு கதைகளும் ஆறு வடிவங்களும்

நாவலின் காலத்தில் பூமி அழிந்துவிட்டது. மனிதகுலம் ஹெகமனி என்னும் கூட்டாட்சியின்கீழ் நூற்றுக்கணக்கான கோள்களில் வாழ்கிறது. ஃபார்காஸ்டர் எனப்படும் வாயில்கள் அக்கோள்களை இணைக்கின்றன. ஒரு வாயிலைக் கடந்தால் அடுத்த காலடி வேறொரு கோளில் விழும். செல்வந்தர்களின் வீடுகளில் ஒவ்வோர் அறையும் ஒவ்வோர் உலகில் இருக்கிறது. இந்த வாயில்களை மனிதருக்கு அளித்திருப்பது, மனிதரிடமிருந்து விடுபட்டுத் தனித்தியங்கும் செயற்கை நுண்ணறிவுகளின் கூட்டமைப்பான டெக்னோகோர். இந்த வலைப்பின்னலுக்கு வெளியே கிடக்கும் ஹைப்பீரியன் என்ற கோளில், காலத்தில் பின்னோக்கி நகரும் கல்லறைகளும், நான்கு கைகளும் உடலெங்கும் கத்திமுனைகளும் கொண்ட ஷ்ரைக் என்ற கொடிய உருவமும் உள்ளன. போர் மூளவிருக்கும் வேளையில் அங்கே செல்லும் ஏழு யாத்திரிகர்களின் கதையே முதல் நூல்.

யாத்திரிகர்கள் வழியில் முறைவைத்துக் கதைசொல்லும் அமைப்பு, பதினான்காம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் சாசரின் கேன்டர்பரி கதைகளிலிருந்து பெறப்பட்டது. ஏழுபேரில் ஒருவர் தம் முறை வருமுன் மறைந்துவிடுவதால் நூலில் ஆறு கதைகளே உள்ளன. ஆறும் ஆறு இலக்கிய வகைகளின் நடையில் எழுதப்பட்டவை. பாதிரியாரின் கதை, தொலைநிலப் பயணியின் நாட்குறிப்பாகத் தொடங்கித் திகில் கதையாக முடிகிறது. கர்னல் கசாடின் கதை போர்ப் புனைவு. கவிஞர் மார்ட்டின் சைலீனஸின் கதை, பதிப்புலகைக் கேலிசெய்யும் தன்வரலாறு. பேரழிவு பற்றிய அவருடைய முதல் நூல் அமோகமாக விற்பதும், உண்மையான கவிதையாக அவர் மதிக்கும் காண்டங்கள் விலைபோகாமல் தேங்குவதும் அதில் கசப்பான நகைச்சுவையோடு சொல்லப்படுகின்றன. பிரான் லேமியா என்ற பெண் துப்பறிவாளரின் கதை, இருபதாம் நூற்றாண்டு அமெரிக்கத் துப்பறியும் நாவலின் வாரிசு. அவருடைய பெயரில் கீட்ஸின் காதலி ஃபேனி பிரானும் அவருடைய கவிதை லேமியாவும் இணைந்துள்ளன. தூதர் சொல்லும் இறுதிக் கதை, சிம்மன்ஸ் 1983இல் வெளியிட்ட சிறுகதையின் வளர்ச்சி. ஒளியின் வேகத்தை நெருங்கிப் பயணிப்பவருக்கு மாதங்களாகக் கழியும் காலம், கோளில் தங்கியிருப்பவருக்கு ஆண்டுகளாகக் கழிகிறது. கதைமாந்தர் இதைக் காலக்கடன் என்கின்றனர். அந்தக் கடனால், காதலன் இளமையோடே திரும்பிவரும் ஒவ்வொரு முறையும் காதலி முதுமையை நோக்கி நெடுந்தொலைவு நடந்துவிட்டிருக்கிறாள். சார்பியல் கொள்கையின் ஒரு விளைவு இங்கே காதற் கவிதையின் கருப்பொருளாகிவிடுகிறது.

கல்லறைகளை நோக்கி யாத்திரிகர்கள் பாடிக்கொண்டே இறங்கும் காட்சியோடு, எந்தப் புதிரும் அவிழாமல் முதல் நூல் நின்றுவிடுகிறது. கீட்ஸின் காவியம் வாக்கியத்தின் நடுவில் நின்றதை அறிந்த வாசகருக்கு, இந்த நிறுத்தம் மூலநூலின் வடிவத்துக்குச் செய்த மரியாதையாகவும் தோன்றும். இரண்டாம் நூல் தொடர்வதும் கீட்ஸின் இரண்டாம் முயற்சியைப் போலவே ஒரு கனவின் வழியாகத்தான்: மீட்டுருவாக்கப்பட்ட கீட்ஸே கதைசொல்லியாகி, தொலைவிலுள்ள யாத்திரிகர்களின் அனுபவங்களைத் தம் கனவில் காண்கிறார்.

கவிஞரின் மறுபிறப்பு

டெக்னோகோர் கீட்ஸின் ஆளுமையை மீட்டுருவாக்கி, மனித உடலும் இயந்திர மனமும் கொண்ட சைப்ரிட் என்னும் உயிராகப் படைக்கிறது. முதல் சைப்ரிட் ஜானி, லேமியாவின் காதலராகிறார். இரண்டாவது சைப்ரிட், கீட்ஸின் கடைசி நாட்களில் உடனிருந்த ஓவியர் ஜோசப் செவெர்னின் பெயரைத் தாங்கி வருகிறார். இரண்டாம் நூலின் ஒரு பகுதியில், பூமியின் நகலாகத் தோன்றும் ஓரிடத்தில், ரோம் நகரின் ஸ்பானியப் படிக்கட்டுகளை ஒட்டிய அதே வீட்டில், அதே காசநோயால் இந்தக் கீட்ஸ் மீண்டும் ஒருமுறை சாகிறார். 1821 பிப்ரவரியில் அவ்வீட்டில் உண்மையாகவே நிகழ்ந்த மரணம், இருமலும் இரத்தமும் ஜன்னலுக்கு வெளியே கேட்கும் நீரூற்றின் ஒலியுமாகத் திரும்ப நிகழ்கிறது. இம்முறை அருகிலிருந்து பணிவிடை செய்பவர் ஹெகமனித் தலைவியின் உதவியாளர். அவர் பெயர் லீ ஹன்ட். வரலாற்றில் லீ ஹன்ட் என்பவர் கீட்ஸின் நண்பர், அவர் கவிதையை முதன்முதலில் அச்சிட்ட இதழாசிரியர். அரசியல் அலுவலராக மட்டுமே வாழ்ந்த ஒருவர், தம் பெயருக்குரியவர் செய்ய வாய்க்காத கடமையை முன்பின் அறியாத கவிஞர் ஒருவருக்குச் செய்துமுடிப்பதாக இக்காட்சி அமைந்திருக்கிறது. பெயர்விளையாட்டாகத் தொடங்கியது இங்கே மனிதப் பரிவின் சித்திரமாகிறது; வரிசை முழுவதிலும் இதற்கு இணையான பக்கங்கள் மிகச் சிலவே.

கீட்ஸின் முதல் வினா இயந்திரங்களின் அரசியலில் மீண்டும் எழுகிறது. டெக்னோகோருக்குள் மூன்று அணிகள் உள்ளன: மனிதரோடு கூடிவாழ விரும்பும் அணி ஒன்று, மனிதரை ஒழிக்க விரும்பும் அணி ஒன்று, அனைத்தையும் அறியும் இறுதி நுண்ணறிவு ஒன்றைப் படைப்பதே குறியாக, அதற்காகத் தாமும் அழியத் துணிந்த அணி ஒன்று. ஜானி சந்திக்கும் பழம்பெரும் நுண்ணறிவின் பெயர் உம்மன். பத்தாம் நூற்றாண்டுச் சீன ஜென் ஆசான் யுன்மெனின் ஜப்பானிய உச்சரிப்பு அது. ஜென் புதிர்மொழிகளின் பாணியில், பாதி ஏளனமும் பாதி ஞானமுமாக அது பேசும் பேச்சு, ஓஷியானஸின் உரையை நினைவூட்டுகிறது: வரவிருப்பது மேலானதென்றால் இருப்பவர் வழிவிடத்தானே வேண்டும்? மனிதர்கள் டைட்டன்களா, இயந்திரங்கள் டைட்டன்களா, இரண்டும்தானா என்பதை நாவல் எளிதில் சொல்லிவிடுவதில்லை. வாயில்களைக் கடக்கும் மனிதரின் மூளைகளையே டெக்னோகோர் தன் கணிப்புக்கு இரவல் கொள்கிறது என்று தெரிந்ததும், ஹெகமனித் தலைவி மீனா கிளாட்ஸ்டன் அத்தனை வாயில்களையும் அழிக்க ஆணையிட்டுத் தன் நாகரிகத்தைத் தன் கையாலேயே வீழ்த்துகிறார். தலைப்பிலுள்ள வீழ்ச்சி, வெல்லப்பட்டவரின் வீழ்ச்சியாக இல்லாமல் அறிந்தே தேர்ந்தெடுத்த வீழ்ச்சியாகிறது. கீட்ஸின் காவியத்தில் எந்த டைட்டனுக்கும் வாய்க்காத பெருமை இது.

ஆபிரகாமும் ஒமேகாப் புள்ளியும்

ஆறு கதைகளில் எஞ்சியதும், மெய்யியல் நோக்கில் முதல் நூலின் உச்சமும் சால் வைன்ட்ராப் என்ற யூத அறிஞரின் கதை. தொல்லியலாளரான அவருடைய மகள் ரேச்சல், கல்லறைகளில் ஆய்வு செய்தபோது நேர்ந்த விபத்தால் நாள்தோறும் வயது குறைந்துகொண்டே போகிறாள். ஒவ்வொரு காலையும் ஒரு நாளின் நினைவை இழந்து விழிக்கும் அவளுக்கு, தான் ஏன் பெற்றோர் வீட்டில் இருக்கிறோம் என்பதைத் திரும்பத் திரும்ப விளக்கவேண்டியிருக்கிறது. ஒருகட்டத்தில், இனி விளக்கவேண்டாம் என்று அவளே பெற்றோரைக் கேட்டுக்கொள்கிறாள். இதற்கிடையே, மகளைப் பலிகொடு என்று ஆணையிடும் குரல் ஒன்று தந்தையின் கனவில் வருகிறது.

தொடக்க ஆகமத்தின் 22ஆம் அதிகாரத்தில் ஆபிரகாம் தம் மகன் ஈசாக்கைப் பலியிடத் துணிந்த நிகழ்ச்சியை, டேனிஷ் மெய்யியலாளர் கீர்க்ககோர் 1843இல் அச்சமும் நடுக்கமும் என்ற நூலில் ஆராய்ந்தார். அறநெறிக்கு அப்பாற்பட்டதொரு பாய்ச்சலாக நம்பிக்கையை அவர் அதில் கண்டார். சால் அந்தப் பாய்ச்சலை மறுக்கிறார். குழந்தையின் உயிரைக் கேட்கும் தெய்வத்துக்குக் கீழ்ப்படிவது அறமாகாது என்பதும், மனிதகுலம் அந்தப் பருவத்தைக் கடந்துவிட்டது என்பதும் அவருடைய வாதம். ஆயினும் இறுதியில், குரலின் ஆணைக்கு அஞ்சாமல், மகளே கனவில் வந்து வேண்டியதால், அவளை ஷ்ரைக்கின் கைகளில் ஒப்படைக்கிறார். கீழ்ப்படிதலுக்கும் அன்பின்பாற்பட்ட நம்பிக்கைக்கும் இடையே நாவல் வகுக்கும் இந்த வேறுபாடு, கீர்க்ககோரின் சிக்கலுக்கு ஓர் எளிய விடையைத் தராமலே அதை வேறு தளத்துக்கு நகர்த்திவிடுகிறது. காலத்தில் பின்னோக்கி வாழ்ந்து கர்னல் கசாடைச் சந்திக்கும் மொனெட்டா என்ற புதிரான பெண், வளர்ந்த ரேச்சலே என்பது பின்னர் தெரியவருகிறது. கீட்ஸின் நினைவுத் தேவதை இங்கே நினைவிழந்த ஒரு மகளாகிறாள்.

இரண்டாவது மெய்யியல் இழை தெயார் த ஷார்தனுடையது (1881–1955). தொல்லுயிரியலாளருமான அவர் பீக்கிங் மனிதன் அகழாய்வில் பங்குபெற்றவர். உயிரின் பரிணாமம் உணர்வை நோக்கியும், உணர்வு ஒருமையை நோக்கியும் நகர்ந்து, முடிவில் ஒமேகாப் புள்ளி என்ற இறைநிலையில் குவியும் என்பது அவர் கொள்கை. அவர் வாழ்நாளில் மெய்யியல் நூல்களை வெளியிடத் திருச்சபை இசையவில்லை. மனித நிகழ்வு என்ற முதன்மை நூல் அவர் இறந்த 1955ஆம் ஆண்டில்தான் வெளியானது. நாவலில் பால் துரே என்ற பாதிரியார் தெயாரின் அடியவராக வருகிறார். தெயாரின் சிந்தனையைச் சிம்மன்ஸ் ஒரு கேள்வியால் வளைக்கிறார்: கடவுள் தொடக்கத்தில் இல்லாமல் இறுதியில் உருவாகுபவர் என்றால், மனிதரின் பரிணாமத்திலிருந்து ஒரு கடவுளும் இயந்திரங்களின் பரிணாமத்திலிருந்து இன்னொரு கடவுளும் உருவாகக்கூடுமன்றோ? எதிர்காலத்தில் இவ்விரண்டுக்கும் போர் மூள்கிறது. மனிதக் கடவுளின் பரிவு என்ற கூறு மட்டும் அப்போரிலிருந்து விலகிக் கடந்தகாலத்துக்குத் தப்பி வருகிறது. மாந்தரை முட்களில் குத்திவைத்த வேதனை மரத்தைக் காட்டி, அந்தப் பரிவைப் பிடிக்கும் தூண்டில்முள்ளாக இயந்திரக் கடவுள் ஷ்ரைக்கை அனுப்புகிறது. துன்பம் கேட்டால் பரிவு ஓடிவராமல் இராது என்பதே அக்கணக்கு. துன்பத்தின் வழியே ஆன்மா உருவாகிறது என்ற கீட்ஸின் எண்ணமும் தெயாரின் ஒமேகாவும் இந்த ஒரே கதைப்பொறியில் கூடுகின்றன.

விடை சொல்லத் தொடங்கியபோது

பிந்தைய இரு நூல்கள் வீழ்ச்சிக்கு ஏறத்தாழ 270 ஆண்டுகளுக்குப் பின் நிகழ்கின்றன. சிலுவை வடிவ ஒட்டுண்ணி ஒன்றை உடலில் ஏற்பவர் இறந்தாலும் உயிர்த்தெழுவர். இந்த ஒட்டுண்ணியைக் கொண்டு பாக்ஸ் என்னும் திருச்சபை அரசு மனிதகுலத்தை ஆள்கிறது. ஜானிக்கும் லேமியாவுக்கும் பிறந்த ஈனியா என்ற சிறுமியை அவ்வரசு வேட்டையாட, ரால் எண்டிமியன் என்ற இளைஞன் அவளைக் காக்கிறான். மரணமின்மையைக் கட்டாயமாக்கிய திருச்சபையே இங்கே விலகி வழிவிட மறுக்கும் டைட்டன்களாகிறது. சாவை நிறுத்தியவர்கள் பரிணாமத்தையும் நிறுத்திவிட்டனர் என்பது ஈனியாவின் குற்றச்சாட்டு. கீட்ஸின் வினா இவ்வகையில் தொடரவே செய்கிறது.

தளர்ச்சி வேறிடத்தில் உள்ளது. 1817 டிசம்பரில் எழுதிய கடிதம் ஒன்றில் கீட்ஸ், உண்மையையும் காரணத்தையும் தேடி எரிச்சலோடு பாயாமல், ஐயங்களுக்கும் மர்மங்களுக்கும் நடுவில் தங்கியிருக்கும் ஆற்றலே பெருங்கவிஞரின் இயல்பு என்று குறித்தார். முதலிரு நூல்கள் அந்த ஆற்றலை உடையவை. பின்னிரு நூல்களில் ஈனியா போதிக்கத் தொடங்குகிறாள்: இறந்தோரின் மொழியைக் கற்றல், வாழ்வோரின் மொழியைக் கற்றல் என நான்கு படிகள் வகுக்கப்படுகின்றன, அன்பு பௌதிக விசைகளுக்கு நிகரான ஓர் அடிப்படை விசை என்று அறிவிக்கப்படுகிறது. உருவகமாக நின்றபோது ஒளிர்ந்த கருத்து, கோட்பாடாகச் சொல்லப்பட்டதும் மங்கிவிடுகிறது. முந்தைய நூல்களின் செய்திகள் சில, அவை அந்நூல்களின் கதையைப் பாடும் சைலீனஸின் காவியத்தில் நேர்ந்த பிழைகள் என்று சொல்லித் திருத்தப்படுகின்றன. நம்பகமற்ற கதைசொல்லி என்ற உத்திக்கு இடமிருந்தாலும், கதையின் வசதிக்காகவே அது கையாளப்பட்டிருப்பது தெரிகிறது. மலைச்சிகரங்களால் ஆன தியென் ஷான் கோளின் காட்சிகள் அழகு வாய்ந்தவை; ஆனால் அங்குள்ள பௌத்தம், உம்மனின் பேச்சில் இருந்த கூர்மையை இழந்து பின்னணி வண்ணமாகவே நிற்கிறது. குழந்தைப் பருவத்தில் காத்த சிறுமியையே ரால் பின்னாளில் காதலிப்பதும், காலக்கடன் அவர்களுடைய வயது வேறுபாட்டைக் குறைத்துவிட்ட போதிலும், வாசகருக்கு நெருடலாகவே இருக்கும். அதேவேளை, கட்டளைக்கும் மனசாட்சிக்கும் இடையே அலைக்கழியும் பாதிரியார்-தளபதி தெ சோயா, பாக்ஸ் திருச்சபையை வெறும் வில்லனாக ஆகவிடாமல் காக்கும் சிறந்த படைப்பு.

மதிப்பீடு

இவ்வரிசைக்குப் பின்னரும் சிம்மன்ஸ் ஹோமரையும் ஷேக்ஸ்பியரையும் புரூஸ்ட்டையும் இலியம் (2003), ஒலிம்போஸ் (2005) ஆகிய நாவல்களுக்குள் கொண்டுவந்தார். அடா பாமர் பதினெட்டாம் நூற்றாண்டு அறிவொளி மெய்யியலை அடித்தளமாகக் கொண்டு டெரா இக்னோட்டா வரிசையை எழுதினார். பழைய இலக்கியத்தைத் தொலை எதிர்காலத்தில் நட்டு வளர்க்கும் முறை இன்று ஒரு மரபாகவே நிலைபெற்றுவிட்டது. அம்மரபில் வரும் எந்த நூலையும் அளக்க ஹைப்பீரியன் தரும் அளவுகோல் தெளிவானது: கடன்பெற்ற கவிதையை நீக்கிவிட்டால் கதை நிற்குமா? முதலிரு நாவல்களிலிருந்து கீட்ஸை நீக்கினால் மீனா கிளாட்ஸ்டனின் முடிவுக்கும் சாலின் துயரத்துக்கும் ரோம் நகரத்து அறைக்கும் பொருள் இராது. எனவே அங்கே கீட்ஸ் அணிகலன் அல்லர். பின்னிரு நாவல்களிலிருந்து அவரை நீக்கினாலும் துரத்தலும் தப்பித்தலும் பெரும்பாலும் அப்படியே நடக்கும். நான்கு நூல்களையும் ஒரே தரத்தில் வைத்துப் போற்றுவதும் ஒரேயடியாக ஒதுக்குவதும் பொருந்தாது. முதலிரண்டும் ஸ்பேஸ் ஆப்பரா தொட்ட சிகரங்களுள் வைத்து எண்ணத்தக்கவை. பின்னிரண்டும் பெருமுயற்சியின் அடையாளங்களாக மதிக்கத்தக்கவை. முதலிரண்டையும் படிக்கத் தொடங்குபவர்கள், கீட்ஸின் முற்றுப்பெறாத இரு ஹைப்பீரியன்களையும் முன்னரே ஒருமுறை படித்துவிடுவது நல்லது. அளவில் சிறியவையான அவ்விரண்டும் இந்நாவல்களுக்கு எந்த உரையையும்விடச் சிறந்த முன்னுரையாகும்.